கலர் ஏத்துற கேமராவும் எங்க குடும்ப குரூப்பும்

போன மாதம் அக்கா மகளை பாஸ்போர்ட் சைஸ் போட்டோ எடுக்க ஸ்டுடியோவுக்குக் கூட்டிப் போயிருந்தேன். காலேஜ் அப்ளிகேஷனுக்கு. எடுத்ததைக் கம்ப்யூட்டர்ல காட்டினதுமே அவ முகம் சுருங்கிப் போச்சு. "மாமா, இது நான் மாதிரியே இல்ல. கேமரா சரியில்ல." நானும் பார்த்தேன். அச்சு அசல் அவளேதான். என் அம்மாவோட நிறம், அம்மாவோட மூக்கு.

அவ செல்போன்ல முன்பக்க கேமராவைத் திறந்தாலே பியூட்டி மோட் தானா ஓடுது. தோலை மழமழன்னு ஆக்கி, நிறத்தை ரெண்டு படி ஏத்தி, தாடையைச் சீவி விட்டுடுது. தினமும் இருபது தடவை அந்த முகத்தையே பார்க்கிற பொண்ணுக்கு நிஜ முகம் அந்நியமாத்தான் தெரியும்.

உடனே 'இந்தக் காலத்துப் பசங்க'ன்னு புராணம் ஆரம்பிச்சுடாதீங்க சாமிகளா. என் சண்டையே அந்தப் புராணத்தோடதான்.

பில்டர் போட்ட படத்தை ஸ்டேட்டஸ்ல வச்சா, 'செம கலராயிட்டடி'ன்னு சித்தி. பில்டர் இல்லாம வச்சா, 'ஏன் டல்லா இருக்கே, வெயில்ல சுத்தாதே'ன்னு அதே சித்தி. நான் மட்டும் யோக்கியமா? 'அடையாளமே தெரியலடா, சூப்பர்'னு போட்ட மகானுபாவன் நான்தான். அடையாளம் தெரியாம போனது பாராட்டாம்!

கம்பெனிக்காரனைத் திட்டலாம், தப்பில்லை. 2017-ல் ஃபேஸ்ஆப் செயலியின் 'ஹாட்' பில்டர் கருத்த முகங்களை வெளுக்க வைத்து, அதன் தலைவரே மன்னிப்புக் கேட்டார். பழக்கக் கொடுத்த படங்கள் ஒருபக்கச் சாய்வா இருந்ததாம். 2021-ல் வெளியே வந்த ஃபேஸ்புக்கின் உள் ஆவணங்களில், டீன்ஏஜ் பெண்களில் மூணுல ஒருத்திக்கு உடம்பைப் பத்தின மனக்குறையை இன்ஸ்டாகிராம் அதிகமாக்குதுன்னு அவங்களே எழுதி வச்சிருந்தாங்க.

ஆனா 1975-ல் ஃபேர் அண்ட் லவ்லி கடைக்கு வந்தப்போ எந்தச் செயலி இருந்துச்சு? 2020-ல் பேரை 'க்ளோ'ன்னு மாத்தினாங்க, க்ரீம் இன்னும் விக்குது. கறுத்த பொண்ணை 'மாநிறம்'னு வரன் விளம்பரத்துல கூசிக் கூசி எழுதினது நாமதானே? ஸ்டுடியோவில் டச்சப் பண்ணச் சொல்லி அந்தப் படத்தை மாப்பிள்ளை வீட்டுக்கு அனுப்பினதும் நாமதான். அது வாழ்க்கையில ஒருவாட்டி நடந்தது, இப்போ மணிக்கொருவாட்டி நடக்குது.

ஸ்டுடியோக்காரர் என்னைப் பார்த்து, "கொஞ்சம் ப்ரைட் பண்ணிடவா சார்?" என்றார். அவ என் முகத்தையே பார்த்துட்டு இருந்தா. "வேணாம்ணே" என்று சொல்ல எனக்கு ஒரு நொடி லேட்டாச்சு. அந்த ஒரு நொடியை அவ கவனிச்சுட்டா.

டிஸ்கி: இந்தப் பதிவை குடும்ப குரூப்பிலும் போடப் போறேன். சித்தி, மன்னிச்சுக்கோங்க :-)