டாலரை ரூபாயில் பெருக்குவதை நிறுத்துங்கள்

கொஞ்சம் நீளமான பதிவு. பொறுமையாகப் படியுங்கள்.

முதலியார்பேட்டையில் எந்தக் கல்யாணத்துக்குப் போனாலும் பேச்சு அமெரிக்காவில்தான் போய் நிற்கிறது. "சார், பையன் இவ்வளவு டாலர் வாங்கறான்" என்பார் ஒருவர். பக்கத்தில் இருப்பவர் அதை ரூபாயில் பெருக்கிப் பார்த்து வாயைப் பிளப்பார். அந்த டாலரில் வாடகைக்கு எவ்வளவு, மருத்துவக் காப்பீட்டுக்கு எவ்வளவு என்று யாரும் கேட்பதில்லை.

கேட்பவர்கள் நம் பிரான்ஸ் உறவுகள்தான். 1962-க்குப் பிறகும் பிரெஞ்சுக் குடியுரிமையோடு இருந்த சொல்தா குடும்பங்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும். "வருஷத்துக்கு எத்தனை நாள் லீவு? பிரசவத்துக்குச் சம்பளம் உண்டா? வேலை போயிட்டா வைத்தியச் செலவை யார் பார்ப்பாங்க?" என்கிறார்கள். பிரான்சில் 1982 முதல் 5 வாரச் சம்பள விடுப்பு சட்டப்படியான உரிமை. அமெரிக்காவில் தனியார் நிறுவனம் ஒரு நாள்கூடச் சம்பளத்தோடு லீவு தரவேண்டும் என்று மத்திய சட்டம் கிடையாது. 1993-ல் வந்த குடும்ப விடுப்புச் சட்டம் தரும் 12 வாரமும் சம்பளம் இல்லாதது.

இதைச் சொன்னால் "அவங்களுக்குப் பொறாமை" என்கிறார்கள். பொறாமை இல்லை ஐயா. வேறொரு நாட்டில் வாழ்ந்தவர்களுக்கு அளவுகோல் மாறிவிடுகிறது. பிரான்சில் சம்பளம் குறைவு, பிடித்தம் அதிகம் என்பதையும் அவர்களேதான் சொல்கிறார்கள்.

இந்தக் கேள்விகள் நம் ஊருக்குப் புதிதும் இல்லை. 1936 ஜூலை 30 அன்று புதுச்சேரி மில் தொழிலாளர்கள் 12 பேர் துப்பாக்கிச் சூட்டில் இறந்தார்கள். அதற்குப் பிறகுதான் இங்கே எட்டு மணி நேர வேலை சட்டமானது. கூலியோடு வேலை நேரத்துக்கும் சேர்த்துப் போராடிய ஊர் இது. அவர்களுடைய பேரப்பிள்ளைகள் இன்று சம்பளத்தை மட்டும் எண்ணுகிறோம்.

அமெரிக்காவில் இருக்கும் என் மாணவர்களே, உங்களிடம் உரிமையோடு கேட்கிறேன். புது வீடு, கார், பனி பெய்வது என்று போட்டோ போடுகிறீர்கள். மகிழ்ச்சி. எச்-1பி விசாவில் வேலை போனால் அதிகபட்சம் 60 நாள்தான் அவகாசம் என்பதை ஏன் எழுதுவதில்லை? ஒரு நாட்டுக்கு 7 சதவீதம் என்ற வரம்பால் கிரீன் கார்டுக்கு வருஷக்கணக்கில் காத்திருப்பதை? அதற்குள் பிள்ளைக்கு 21 வயது ஆகிவிட்டால் உங்கள் விசாவை நம்பி அது அங்கே இருக்க முடியாது என்பதை?

இங்கே ஒரு தகப்பன் வீட்டுப் பத்திரத்தை அடமானம் வைத்து மகளை எம்.எஸ். படிக்க அனுப்புகிறார். உங்கள் போட்டோக்களைப் பார்த்துத்தான் அந்த முடிவை எடுக்கிறார். பாதியை மறைத்தால் கடன் அவர் தலையில் விழும்.

போகாதே என்று நான் எந்த மாணவரிடமும் சொன்னதில்லை. அங்கே உள்ள ஆய்வகங்களும் நூலகங்களும் திறமைக்குக் கிடைக்கும் மதிப்பும் உண்மை. ஆனால் கணக்கைப் பார்த்துவிட்டுப் போகட்டும். வரவு, செலவு, லீவு, விசா நான்கையும் கீழே எழுதுங்கள். என்னைத் திட்டினாலும் பரவாயில்லை, உண்மையை எழுதுங்கள். அடுத்து விமானம் ஏறப்போகும் பிள்ளை அதைப் படிக்கட்டும்.