இன்ப முடிவு குற்றமா?

காதலைப் பாடாத மொழி உலகில் இல்லை. ஆனால், காதலித்த எல்லோரையும் இலக்கியம் வாழவைத்துவிடவில்லை. ஆணும் பெண்ணும் காதலித்தால் கதை முடிவில் அவர்கள் மாலை மாற்றிக்கொள்ளலாம். ரோமியோவும் ஜூலியட்டும் போல மாண்டும் போகலாம். எந்த முடிவைத் தந்தாலும் ஆசிரியரை யாரும் கூண்டில் ஏற்றுவதில்லை. ஆணை ஆணும், பெண்ணைப் பெண்ணும் காதலிக்கும் கதைக்கு மட்டும் அந்த உரிமை நெடுங்காலம் மறுக்கப்பட்டது. அத்தகைய காதலர் சாக வேண்டும். அல்லது பிரிய வேண்டும். அல்லது 'திருந்த' வேண்டும். ஆங்கில இலக்கிய உலகில் எழுதப்படாத சட்டமாக இது நிலவியது.

அந்தச் சட்டத்தை மீறிய ஒரு புதினத்தைப் பற்றியும், அதை உலகம் வரவேற்ற விதத்தைப் பற்றியும், அது திரைப்படமான வரலாற்றைப் பற்றியும் என் கருத்தை இங்கே எடுத்துரைக்க விரும்புகிறேன். இ. எம். ஃபார்ஸ்டர் எழுதிய 'மாரிஸ்' என்பதே அப்புதினம்.

ஃபார்ஸ்டர் நமக்குப் புதியவரல்லர். 1912இல் முதன்முறையாக இந்தியா வந்தவர். 1921இல் தேவாஸ் சமஸ்தான மன்னரிடம் தனிச் செயலாளராக இருந்தவர். 1924இல் 'எ பாசேஜ் டு இந்தியா'வை வெளியிட்டவர். அதன் பிறகு, 1970இல் தம் 91ஆம் வயதில் மறையும்வரை, 46 ஆண்டுகள் அவர் புதினம் எதையும் வெளியிடவில்லை. ஏன் இந்த மௌனம் என்ற கேள்விக்கு, முதல் உலகப் போருக்குப் பின் அவர் அறிந்த இங்கிலாந்து மறைந்துபோயிற்று என்று விடை கூறுவார்கள். அதிலும் உண்மை உண்டு. ஆனால் 1911லேயே அவர் தம் நாட்குறிப்பில் வேறொரு காரணத்தை எழுதி வைத்திருந்தார். ஆண்–பெண் காதல் ஒன்றே எழுத இடமுள்ள பொருளாக இருக்கிறது. அது தமக்குச் சலித்துவிட்டது என்பதே அது. எழுத விரும்பியதை வெளியிட முடியவில்லை. வெளியிட முடிந்ததை எழுத மனம் வரவில்லை. இந்த மௌனத்தைக் கற்பனையின் வறட்சி என்று மட்டும் கூறுவது பொருந்துமா?

1913இல் ஃபார்ஸ்டர், எட்வர்டு கார்ப்பென்டர் என்ற எழுத்தாளரைப் பார்க்க டெர்பிஷையரிலுள்ள மில்த்தார்ப் என்னும் சிற்றூருக்குச் சென்றார். கார்ப்பென்டர் உயர்குடியில் பிறந்தவர். உழைக்கும் வகுப்பில் பிறந்த ஜார்ஜ் மெரில் என்பவரோடு ஒரே வீட்டில் ஒளிவுமறைவின்றி வாழ்ந்துவந்தார். இப்படியும் இரண்டு ஆண்கள் வாழலாம் என்பதை ஃபார்ஸ்டர் நேரில் கண்டார். அந்தக் காட்சியே 'மாரிஸ்' பிறக்க வித்தாயிற்று. 1914இல் எழுதி முடித்தார்.

அந்நாளைய இங்கிலாந்தின் நிலையை நாம் மறந்துவிடலாகாது. ஆண்களுக்கிடையேயான உறவை, அது நான்கு சுவருக்குள் நடந்தாலும், குற்றமாக்கியது 1885ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தம். அதன்படியே 1895இல் ஆஸ்கார் வைல்டு ஈராண்டுக் கடுங்காவல் பெற்றார். 1957இல் வுல்ஃபென்டன் குழு இச்சட்டத்தைத் தளர்த்தப் பரிந்துரைத்தது. இங்கிலாந்திலும் வேல்ஸிலும் அது நடைமுறைக்கு வந்ததோ 1967இல்தான்.

கதை எளியது. மாரிஸ் ஹால் நடுத்தர வகுப்பு இளைஞன். கேம்பிரிட்ஜில் படிக்கும்போது கிளைவ் டர்ஹாம் என்ற நிலக்கிழார் வீட்டுப் பிள்ளையோடு அவனுக்குக் காதல் ஏற்படுகிறது. உடலைத் தொடாத தூய காதலே உயர்ந்தது என்று கிளைவ் போதிக்கிறான், மாரிஸ் ஏற்கிறான். சில ஆண்டுகள் சென்றபின் கிளைவ் மனம் மாறி, ஒரு பெண்ணை மணந்துகொள்கிறான். மாரிஸ் தன்னை நோயாளி என்றே நம்பி மருத்துவரை நாடுகிறான். மனவசியம் செய்பவரிடமும் போகிறான். பயனில்லை. கடைசியில் கிளைவின் பண்ணையில் வேட்டைக்காவல் வேலை பார்க்கும் அலெக் ஸ்கட்டர் என்ற இளைஞனிடம் அவனுக்கு உண்மையான காதல் மலர்கிறது. அர்ஜென்டினாவுக்குக் கப்பலேற இருந்த அலெக் கப்பலை விடுகிறான். மாரிஸ் தன் பதவியையும் மதிப்பையும் விடுகிறான். இருவரும் ஊரறியாமல் போய்விடுகிறார்கள். நம் அகப்பாடல்களைப் படித்தவர்கள் இதை உடன்போக்கு என்றே சொல்வார்கள். பின்னே ஓடித் தேடுவதற்குச் செவிலித்தாய் இல்லை என்பதுதான் வேறுபாடு.

இந்த முடிவே புதினத்தை 57 ஆண்டுகள் பெட்டிக்குள் பூட்டிவைத்தது. ஃபார்ஸ்டர் 1960இல் எழுதிய பின்குறிப்பில் இதை அவரே விளக்குகிறார். காதலர் இருவரும் தற்கொலை செய்துகொள்வதாகக் கதையை முடித்திருந்தால் வெளியிடுவதில் அவ்வளவு சிக்கல் இராது. அவர்கள் தண்டனையின்றி மகிழ்வாக வாழப் போகிறார்கள் என்றால், அது குற்றத்துக்குப் பரிந்துரை என்று ஆகிவிடும் என்பது அவர் கருத்து. துன்ப முடிவும் காப்பாற்றும் என்பதற்கு உறுதியில்லை. 1928இல் ராட்கிளிஃப் ஹால் எழுதிய 'தி வெல் ஆஃப் லோன்லினஸ்' என்ற புதினம் பெண்ணிடம் பெண் கொண்ட காதலைக் கண்ணீரோடுதான் முடித்தது. ஆயினும் லண்டன் நீதிமன்றம் அதன் பிரதிகளை அழிக்க ஆணையிட்டது. அந்நூலுக்காகக் குரல் கொடுத்த எழுத்தாளர்களுள் ஃபார்ஸ்டரும் ஒருவர். அழுகைக்கே இந்தக் கதி என்றால் சிரிப்புக்கு எந்தக் கதி என்று அவர் எண்ணிப் பார்த்திருக்கமாட்டாரா?

ஆகவே கையெழுத்துப்படி நண்பர்களின் கைகளில் மட்டும் உலவியது. லிட்டன் ஸ்ட்ரேச்சி படித்துவிட்டு, வகுப்பு வேறுபாடு மிகுந்த இந்த உறவு வெகுநாள் நிலைக்காது என்று எழுதினார். கிறிஸ்டஃபர் இஷர்வுட் போன்ற இளைய எழுத்தாளர்கள் போற்றினார்கள். ஆசிரியர் மறைந்த பின், 1971இல் நூல் அச்சேறியது. அமெரிக்க உரிமை இஷர்வுட்டிடம் வந்தது. அவர் அந்த வருவாயைத் தமக்கென வைத்துக்கொள்ளாமல், இளம் எழுத்தாளர்களுக்கு ஃபார்ஸ்டர் பெயரால் ஒரு பரிசு வழங்க அளித்துவிட்டார். வாழ்நாளெல்லாம் மறைத்து வைக்கப்பட்ட நூல், எழுதத் தொடங்கும் இளைஞர்களுக்குக் கைகொடுக்கிறது.

ஆனால், திறனாய்வாளர் பலர் அன்று நூலை முகமலர்ந்து வரவேற்கவில்லை. ஃபார்ஸ்டரின் பிற நூல்களிலுள்ள நுட்பமும் நகைச்சுவையும் இதில் இல்லை என்றார்கள். காலம் கடந்து வந்த நூல் என்றார்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, முடிவு நம்பும்படியாக இல்லை, வெறும் ஆசைக்கனவு என்றார்கள். இன்னொரு பக்கம், 1967க்குப் பின் துணிவோடு வெளியே வந்த இளைஞர்கள் சிலர், உயிரோடிருந்தபோதே இதை ஏன் வெளியிடவில்லை என்று கடிந்துகொண்டார்கள்.

இந்தக் குறைகளில் சில நியாயமானவை. மாரிஸின் தாயும் தங்கையரும் நிழல்களாகவே நிற்கிறார்கள். அலெக்கின் உள்ளத்தை ஆசிரியர் முழுமையாகத் திறந்து காட்டவில்லை. ஆனால் முடிவைக் குறைசொல்வதை மட்டும் என்னால் ஒப்ப இயலவில்லை. ஜேன் ஆஸ்டினின் 'பிரைடு அண்ட் பிரெஜுடிஸ்' நாவலில் செல்வச் சீமான் டார்ஸி, பெரும் சீதனம் எதுவுமில்லாத எலிசபெத்தை மணக்கிறான். அதை ஆசைக்கனவு என்று நாம் தள்ளிவிடுகிறோமா? வகுப்பறையில் மகிழ்ந்து பாடம் கேட்கிறோம். ஆண்–பெண் காதல் வென்றால் கலை. இவர்கள் காதல் வென்றால் பிரசாரம் என்பது ஓரவஞ்சனையன்றோ? ஒரு கதையின் முடிவை நம்ப முடியாமைக்குக் கதை காரணமாக இருக்கலாம். நம்ப மறுக்கும் மனமும் காரணமாக இருக்கலாம். இந்த இரண்டையும் பிரித்தறிவதே திறனாய்வாளன் கடமை.

திரைப்படத்துக்கு வருவோம். மும்பையில் பிறந்த இஸ்மாயில் மெர்ச்சன்ட் தயாரிக்க, அமெரிக்கரான ஜேம்ஸ் ஐவரி இயக்க, 1987இல் 'மாரிஸ்' படம் வந்தது. இவ்விருவரும் ஃபார்ஸ்டரின் 'எ ரூம் வித் எ வியூ'வை அதற்குச் சற்று முன்புதான் படமாக்கிப் பெரும்புகழ் பெற்றிருந்தார்கள். ஃபார்ஸ்டர் நூல்களின் உரிமை கேம்பிரிட்ஜ் கிங்ஸ் கல்லூரியிடம் இருந்தது. அக்கல்லூரி முதலில் தயங்கியது. பொருளைப் பற்றிய அச்சத்தைவிட, இது ஃபார்ஸ்டரின் தரத்தில் தாழ்ந்த நூல் என்ற எண்ணமே அதற்குக் காரணம். திறனாய்வாளர் கருத்து எவ்வளவு தூரம் வேர்விட்டிருந்தது என்பதற்கு இதுவே சான்று. பின்னர் இசைவு கிடைத்தது. மாரிஸாக ஜேம்ஸ் வில்பி, கிளைவாக ஹியூ கிராண்ட், அலெக்காக ரூபர்ட் கிரேவ்ஸ் நடித்தார்கள். 1987 வெனிஸ் திரைப்பட விழாவில் ஐவரிக்கு வெள்ளிச் சிங்க விருதும், வில்பி, கிராண்ட் இருவருக்கும் சேர்த்துச் சிறந்த நடிகருக்கான விருதும் கிடைத்தன.

படம் வெளிவந்த காலம் எப்படிப்பட்டது? எய்ட்ஸ் நோய் பரவி, தன்பாலினக் காதலர் மீது பழியும் வெறுப்பும் குவிந்த காலம். பிரிட்டனில் ஊராட்சி அமைப்புகள் தன்பாலின உறவை 'ஊக்குவிப்பதை'த் தடுக்கும் 28ஆம் பிரிவு 1988இல் சட்டமாயிற்று. குற்றத்துக்குப் பரிந்துரை என்று ஃபார்ஸ்டர் அஞ்சிய அதே பழிச்சொல் வேறு உருவில் மீண்டும் வந்தது. அச்சட்டம் இங்கிலாந்தில் நீங்க 2003 வரை ஆயிற்று. அத்தகைய நாளில் இரண்டு ஆண்கள் சாகாமல், பிரியாமல், திருந்தாமல் கதையை முடிக்கும் ஒரு படத்தை எடுக்கத் துணிவு வேண்டும்.

நூலிலிருந்து படம் ஓரிடத்தில் பெரிதும் விலகுகிறது. நூலில் கிளைவ் நோயுற்றுத் தேறி, கிரேக்க நாட்டுக்குச் சென்ற இடத்தில் காரணம் தெரியாமலே பெண்கள்பால் மனம் மாறுகிறான். படத்தில் அதற்குக் காரணம் காட்டப்படுகிறது. கேம்பிரிட்ஜ் நண்பன் ரிஸ்லி ஒரு படைவீரனோடு பிடிபட்டு, கடுங்காவல் தண்டனை பெறுகிறான். அந்தச் செய்தி கிளைவை நடுங்க வைக்கிறது. மெர்ச்சன்ட்–ஐவரி படங்கள் பலவற்றுக்குத் திரைக்கதை எழுதிய ரூத் பிராவர் ஜாப்வாலா கூறிய யோசனை இது. நூலை நேசிப்போர் சிலர் இதை ஏற்பதில்லை. மனித மனம் காரணமின்றியும் மாறும் என்ற ஃபார்ஸ்டரின் நுட்பம் போய்விட்டது. கிளைவ் வெறும் கோழையாகிவிட்டான் என்பது அவர்கள் வாதம்.

நான் படத்தின் பக்கமே நிற்கிறேன். 1914இல் நண்பர்களுக்காக எழுதியவர் சட்டத்தின் கொடுமையை விளக்க வேண்டியிருக்கவில்லை. படித்த ஒவ்வொருவரும் அதன் நிழலில் வாழ்ந்தவர்கள். 1987இல் திரையரங்கில் அமர்ந்தவனுக்கு அந்த நிழலைக் கண்ணால் காட்ட வேண்டும். சிறைக்கதவைப் பார்த்த பிறகுதான் மாரிஸும் அலெக்கும் எடுத்த முடிவின் விலை நமக்குப் புரிகிறது. படத்தின் இறுதியில் கிளைவ் மாளிகையின் சன்னல்களைச் சாத்துகிறான். ஒரு கணம் நின்று, கேம்பிரிட்ஜில் தன்னை அழைத்த இளமை மாரிஸை மனக்கண்ணில் காண்கிறான். துன்ப முடிவு இந்தக் கதையிலும் உண்டு. அது காதலித்தவனுக்கு வரவில்லை. காதலுக்கு அஞ்சியவனுக்கு வந்தது.

இங்கிலாந்தின் பழைய கதை நமக்கெதற்கு என்று நண்பர்கள் கேட்கலாம். ஃபார்ஸ்டரை அச்சுறுத்திய சட்டத்தின் உடன்பிறப்பை ஆங்கில ஆட்சி 1860இல் இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 377ஆம் பிரிவாக நமக்குக் கொடுத்துச் சென்றது. இங்கிலாந்து தன் சட்டத்தைத் தளர்த்தி 51 ஆண்டுகள் கழித்துத்தான், 2018 செப்டம்பர் 6ஆம் நாள், வயது வந்தோர் இசைந்து கொள்ளும் உறவு குற்றமன்று என்று நம் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. மாரிஸ் மனவசியக்காரரிடம் போய் நின்றதைப் போல இங்கும் பிள்ளைகளை 'மாற்றித் தர' வேண்டி மருத்துவரிடம் அழைத்துச் செல்லும் பெற்றோர் உண்டு. அத்தகைய 'சிகிச்சை' முயற்சிகளைச் சென்னை உயர்நீதிமன்றம் 2021இல் தடை செய்தது. அந்த வழக்கை விசாரித்த நீதியரசர் ஆனந்த் வெங்கடேஷ், தம் புரிதலை வளர்த்துக்கொள்ளத் தாமே ஓர் உளவியல் வல்லுநரிடம் ஆலோசனை பெற்றார். கற்றறிந்த நீதிபதியே கற்றுக்கொள்ள முன்வரும்போது, கற்கவே வந்துள்ள நாம் முகம் திருப்பிக்கொள்வது முறையாகுமா?

நம்மோடு ஒரே வகுப்பில், ஒரே பெஞ்சில், ஒரே விடுதி அறையில் மாரிஸைப் போன்ற ஒருவர் இருக்கலாம். நாம் அடிக்கும் கேலிக்குத் தாமும் சேர்ந்து சிரித்துவிட்டு, அறைக்குப் போய்த் தனியே குமைபவராக இருக்கலாம். தன்னைப் போன்றவர் கதையில் எப்போதும் சாகிறார் என்றே படித்து வளரும் உள்ளம் எதை நம்பி வாழும்? இன்ப முடிவு என்பது அவருக்குப் பொழுதுபோக்கன்று. நாளைக்கும் விடியும் என்று ஒருவர் சொல்லும் உறுதிமொழி.

ஆகவே பேராசிரியப் பெருமக்களுக்கு ஒரு வேண்டுகோள். ஃபார்ஸ்டர் 1924உடன் புதினத்தை நிறுத்திவிட்டார் என்று பாடம் நடத்தும்போது, 1914இல் எழுதி 1971இல் வெளிவந்த நூலையும் ஒரு வார்த்தை சேர்த்துச் சொல்லுங்கள். நம் நூலகத்தில் 'மாரிஸ்' ஒரு படியாவது இருக்கட்டும். மாணவ நண்பர்களே, அதை எடுத்துப் படியுங்கள். பிடிக்காவிட்டால் காரணம் காட்டி மறுத்து எழுதுங்கள். முடிவு இன்பமாக இருக்கிறது என்பது மட்டும் அந்தக் காரணமாக இருக்க வேண்டாம்.