மூணு தடவ கூப்டாச்சு

எங்க சித்தி கோர்ட்டு வாசலுக்கு வந்து சேர்ந்தபோது மணி 11 தாண்டிவிட்டது. காலைப் பஸ் வரவில்லை. அடுத்த பஸ்ஸைப் பிடிக்க மெயின் ரோடு வரை நடந்திருக்கிறார். டவாலி சொன்னார்: "மூணு தடவ கூப்டாச்சும்மா. கேஸ் முடிஞ்சி போச்சு."

"அதான் வந்துட்டனேங்கய்யா, இன்னொருவாட்டி கூப்டுங்க" என்றார் சித்தி. நின்றவர்கள் சிரித்தார்கள். இது நடந்தது 2011இல்.

ஆடு வரப்பில் வாய் வைத்ததற்காக ஊர்த்தெருக்காரர் ஒருவர் சித்தியை அறைந்து கீழே தள்ளினார். சாதிப் பேரைச் சொல்லித்தான் அறைந்தார். ஸ்டேஷனில் அந்தப் பேச்சை எழுதமாட்டோம் என்றார்கள். அப்புறம் புகாரையே எழுதவில்லை. மாஜிஸ்திரேட் கோர்ட்டில் தனிப்புகார் போட்ட வக்கீலிடம் வன்கொடுமைச் சட்டத்தில் போடுங்கள் என்று கெஞ்சினோம். "அது இழுக்கும். 323 போதும், சீக்கிரம் முடியும்" என்றார். முடிந்துவிட்டது. வன்கொடுமை வழக்காக இருந்திருந்தால் 1995 விதிகளின்படி சித்திக்கும் சாட்சிக்கும் அரசே பஸ் காசும் படியும் தரவேண்டும். (தருகிறார்களா என்பது தனிக்கதை.)

அன்றைய குற்றவியல் நடைமுறைச் சட்டம், பிரிவு 256. சம்மன் வழக்கில் புகார் கொடுத்தவர் வாய்தாவுக்கு வராவிட்டால் எதிரி விடுதலை. விசாரித்துச் செய்த விடுதலைக்குள்ள அதே பலம் இதற்கும் உண்டு. அதே குற்றத்துக்கு மறுபடி வழக்குப் போட முடியாது. அப்பீல் என்றால் ஐகோர்ட்டில் சிறப்பு அனுமதி கேட்கவேண்டும். பக்கத்து டவுனுக்கே பஸ் கிடைக்காதவர் எங்கே போவது?

எதிரி வராத நாட்களும் இருந்தன. அன்றெல்லாம் அவருடைய வக்கீல் 317 மனு ஒன்றை நீட்டுவார். உடம்பு சரியில்லை, வெளியூர், வீட்டில் விசேஷம். உடனே வாய்தா. நடவுக் கூலியை விட்டுவிட்டு வந்த சித்தி அடுத்த தேதியைக் கேட்டுக்கொண்டு திரும்புவார். அவன் வரலன்னா தேதி, நா வரலன்னா தீர்ப்பா என்று என்னைக் கேட்டார். நான் என்ன சொல்ல?

தண்டனை பெற்றவரின் அப்பீலை, ஆள் வரவில்லை என்பதற்காக மட்டும் தள்ளக்கூடாது, வழக்குக் கட்டைப் படித்துத்தான் தீர்ப்புச் சொல்லவேண்டும் என்று பானி சிங் வழக்கில் உச்சநீதிமன்றம் 1996இல் சொன்னது. சரியான தீர்ப்பு, ஜெயிலில் கிடப்பவர்களில் நம் ஜனம் கொஞ்சமா? ஆனால் அறை வாங்கியவளின் கட்டைப் படிக்க மட்டும் யாருக்கும் நேரமில்லை.

2024 ஜூலை முதல் நடப்பிலிருக்கும் புதிய சட்டம், விடுதலை செய்யுமுன் புகார்தாரருக்கு 30 நாள் அவகாசம் தரச் சொல்கிறது. நல்லது. அவகாசம் ஓடுவதைச் சேரிக்கு வந்து சொல்வது யார்?

இன்னொன்று. அந்தப் பழைய 256லேயே, வக்கீல் ஆஜரானால் புகார்தாரர் வரவேண்டியதில்லை என்று மாஜிஸ்திரேட் வழக்கை நடத்தலாம், தள்ளியும் வைக்கலாம். சட்டக் கல்லூரியில் படிக்கும் தம்பிகள் இதைக் குறித்துக்கொள்ளுங்கள். வக்காலத்துப் போடுகிற அன்றே இதற்கும் ஒரு மனு எழுதிக் கொடுங்கள். எங்கள் வக்கீல் எழுதவில்லை. சித்தியின் பேரை மூணு தடவை கூப்பிட்டபோது அவர் பக்கத்துக் கோர்ட்டில் வேறு கேஸில் நின்றிருந்தார்.