வளையலைக் கேட்ட பாட்டு

பூந்தமல்லி நெடுஞ்சாலையில் பஸ்ஸில் போகும்போது, மதுரவாயலைத் தாண்டிக் கொஞ்ச தூரத்தில் வேலப்பன்சாவடி வரும். இன்று அங்கே கல்லூரி, ஆஸ்பத்திரி, அடுக்கு வீடு என்று ஊர் நிறைந்துவிட்டது. ஆனாலும் பெயரில் உள்ள 'சாவடி' மட்டும் பழைய கதையைச் சொல்லிக்கொண்டே இருக்கிறது. சாவடி என்றால் வழிப்போக்கர் இரவு தங்கி, விடிந்ததும் மூட்டையைக் கட்டிக்கொண்டு கிளம்பும் இடம் அல்லவா? இருக்க வந்தவர்களுக்கு வீடு. போக வேண்டியவர்களுக்குச் சாவடி!

இந்தச் சாலையில் ஞாயிற்றுக்கிழமை காலையில் ஏதாவது ஒரு கிறிஸ்தவ ஆலயத்தைக் கடந்து போனால் பாட்டுச் சத்தம் காதில் விழும். மேல்நாட்டு மெட்டில் அமைந்த பாமாலையாக இருக்கலாம். நம்முடைய ராகத்தில் அமைந்த கீர்த்தனையாகவும் இருக்கலாம். அந்தப் பாட்டுகளில் ஒரு தனி ரகம் உண்டு. அவற்றைச் 'சாவடிப் பாட்டுகள்' என்றே சொல்லிவிடலாம். எழுந்திரு, புறப்படு, கையில் இருப்பதைக் கொடு, உன்னையே கொடு என்று அழைக்கிற ஊழியப் பாட்டுகள் அவை. கேட்க இனிமை, பாடவும் சுலபம். ஆனால் சகோதரிகளே, பாட்டிலே சொன்னபடி ஒருவர் நிஜமாகவே செய்யத் தொடங்கிவிட்டால் என்ன ஆகும்? யார் வீட்டில் அடுப்பு அணையும்? யார் கழுத்து வெறுமையாகும்? அதை விசாரித்துப் பார்க்கத்தான் இந்த வாரம் உங்களை அழைக்கிறேன்.

இந்த ரகத்தில் உலகப் பிரசித்தி பெற்ற ஒரு பாட்டு 1819-ஆம் வருஷம் வேல்ஸ் நாட்டில் ரெக்ஸம் என்ற ஊரில் பிறந்தது. எழுதியவர் ரெஜினால்ட் ஹீபர் என்ற பாதிரியார். மாமனார் வீட்டுக்கு வந்திருந்தார். மறுநாள் ஆலயத்தில் மிஷன் வேலைக்காகக் காணிக்கை எடுக்க வேண்டியிருந்தது. மாப்பிள்ளைக்குக் கவி எழுத வரும் என்பது மாமனாருக்குத் தெரியும். "ஒரு பாட்டு வேண்டும்" என்று கேட்டுவிட்டார். மாப்பிள்ளையும் ஓர் ஓரமாக உட்கார்ந்து சிறிது நேரத்துக்குள் எழுதிக் கொடுத்துவிட்டார். கிரீன்லாந்தின் பனிமலையில் தொடங்கி, இந்தியக் கடற்கரைக்கு வந்து, இலங்கைத் தீவின் வாசனைக் காற்று வரையில் பாட்டு போகிறது. அதுவரை அவர் இந்தியாவைப் பார்த்ததில்லை. தேசப் படத்தைப் பார்த்து எழுதிய பாட்டு என்றே சொல்ல வேண்டும்!

பாட்டு எழுதியவரைப் பாட்டு சும்மா விடவில்லை. நான்கு வருஷங்களில், 1823-இல், ஹீபர் கல்கத்தாவின் பிஷப்பாக வந்து சேர்ந்தார். 1826 மார்ச்சு மாதம் ஈஸ்டர் பண்டிகைக்குத் தஞ்சாவூரில் இருந்தார். தமிழ் மக்களின் ஆராதனையில் தமிழிலேயே ஆசீர்வாதம் கூறினார். அங்கிருந்து திருச்சிராப்பள்ளி. ஏப்ரல் 3-ஆம் தேதி காலையில் கோட்டை ஆலயத்தில் தமிழர்களுக்கு ஆராதனை நடத்திவிட்டு, பங்குனி வெயிலில் களைத்துத் திரும்பினார். குளிப்பதற்காகத் தொட்டியில் இறங்கியவர் உயிரோடு வெளியே வரவில்லை. வயது 42. திருச்சி செயின்ட் ஜான்ஸ் ஆலயத்தில் அடக்கம் செய்தார்கள். திருச்சிக்காரர்களுக்கு பிஷப் ஹீபர் கல்லூரியைத் தெரியும். அந்த ஹீபர் இவர்தான்.

அவருடைய மனைவி அமீலியா அப்போது குழந்தைகளுடன் கல்கத்தாவில் இருந்தார். தந்தியோ ரயிலோ இல்லாத காலம். அந்தச் செய்தி எத்தனை நாள் பிரயாணம் செய்து அவர் வாசலுக்கு வந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். பிறகு அந்த அம்மாள் கணவரின் பிரயாணக் குறிப்புகளைத் தொகுத்து 1828-இல் புத்தகமாக வெளியிட்டார். பாட்டுக்கு விலை கொடுத்தவர்களில் அவரையும் சேர்க்கத்தான் வேண்டும்.

ஆனால் ஹீபரின் தியாகத்தைப் போற்றுகிறோம் என்பதற்காக, அவர் பாட்டில் உள்ள முள்ளை மறைக்க வேண்டியதில்லை. இலங்கையின் இயற்கையைப் புகழ்ந்த கையோடு, அங்கே மனிதன் மட்டுமே இழிந்தவன் என்ற கருத்தையும் அதில் எழுதிவிட்டார். 1925-இல் கல்கத்தாவில் மிஷனரிகளிடையே பேசிய மகாத்மா காந்தி இதைச் சுட்டிக் காட்டினார். அந்த வரிகள் தம் மனத்தில் முள்ளாகத் தைத்தவை என்றும், ஹீபர் அவற்றை எழுதாமல் இருந்திருக்கலாம் என்றும் சொன்னார். நியாயமான வருத்தம்தானே? ஹீபர் தஞ்சாவூருக்கு வந்த காலத்தில் அதே ஊரில் வேதநாயகம் சாஸ்திரியார் இருந்தார். 'பெத்லகேம் குறவஞ்சி' பாடிய அந்தத் தமிழ்க் கவி ஹீபரை விட ஒன்பது வயது மூத்தவர். எட்டி நின்று இரக்கப்பட்டு எழுதிய பாட்டுக்கு, இங்கே தமிழில் ஒரு பாட்டுக் கடலே இருந்த விஷயம் தெரிந்திருக்கவில்லை!

இனி, பெண் எழுதிய பாட்டு ஒன்றைப் பார்ப்போம். பிரான்சிஸ் ஹாவர்கல் என்ற ஆங்கிலேய மாது. விவாகம் செய்துகொள்ளாதவர், நோயாளி. கடல் தாண்டி ஊழியத்துக்குப் போகும் உடம்பு அவருக்கு இல்லை. 1874-ஆம் வருஷம் பிப்ரவரியில் தூக்கம் வராத ஓர் இரவில் ஒரு பாட்டு எழுதினார். கை, கால், குரல் என்று ஒவ்வொன்றாகக் கடவுளிடம் ஒப்படைத்துக்கொண்டே போகும் பாட்டு அது. இடையில் வெள்ளியையும் பொன்னையும் ஒப்படைக்கிறது. எழுதி நாலு வருஷம் கழித்து அந்த வரி அவரையே திரும்பிப் பார்த்தது போலும்! 1878-இல் தம்முடைய நகைகளை எல்லாம், ஏறக்குறைய ஐம்பது உருப்படிகளை, நகைப் பெட்டியோடு சர்ச் மிஷனரி சங்கத்துக்கு விற்றுக்கொள்ள அனுப்பிவிட்டார். பெற்றோர் நினைவாக அன்றாடம் அணிய ஓரிரு புரூச்சுகளையும், இறந்துபோன ஒரு பெண் குழந்தையின் படம் வைத்த லாக்கெட்டையும் மட்டும் வைத்துக்கொண்டார். இந்தக் கடைசி விவரம்தான் அந்த அம்மாளை நமக்கு நெருங்கியவராக்குகிறது. நகையை விடலாம், நகையில் இருக்கும் நினைவை விட முடியுமா? மறு வருஷமே அவர் காலமானார். அவருக்கும் வயது 42.

"சீமையில் ஒரு சீமாட்டி நகையைக் கொடுத்தால் என்ன, அங்கே அது அலங்காரம்தானே?" என்று கேட்பீர்கள். கேட்க வேண்டிய கேள்விதான். நம் ஊரில் நகை வெறும் அலங்காரம் இல்லை. அப்பா கடன்பட்டுப் போட்டது. மாமியார் வீட்டில் நமக்குள்ள மதிப்பு. கஷ்ட காலத்தில் அடகுக் கடைக்குப் போய்க் குடும்பத்தைக் காப்பாற்றுவது. அப்படிப்பட்ட நகையைக் கழற்றி வைத்த தமிழ்ப் பெண்களைப் பற்றிச் சொல்லத்தான் இவ்வளவு தூரம் வந்தேன்.

அயர்லாந்தில் பிறந்த ஏமி கார்மைக்கேல் 1895-இல் இந்தியாவுக்கு வந்தார். திருநெல்வேலிச் சீமையில் தமிழ் படித்து, தமிழ்ப் பெண்கள் சிலரைச் சேர்த்துக்கொண்டு மாட்டு வண்டியில் ஊர் ஊராகப் போனார். அந்தக் குழுவை ஜனங்கள் நட்சத்திரக் கூட்டம் என்று அழைத்தார்கள். அந்தக் கூட்டத்துப் பெண்கள் தங்கள் நகைகளைக் கழற்றினார்கள். கிறிஸ்தவ வீடுகளிலேயே அது அடாத காரியமாகத் தோன்றியது. காதும் கழுத்தும் மூளியாக ஒரு பெண் நடுத்தெருவில் வருவதாவது! உறவினர்கள் என்ன பேசியிருப்பார்கள் என்று நான் எழுத வேண்டுமா? உங்களுக்கே தெரியும்.

அவர்களில் ஒருவர் பொன்னம்மாள். இளம் விதவை. 1901-ஆம் வருஷம், கோயிலுக்கென்று விடப்பட இருந்த ஒரு சிறுமி தப்பி ஓடி ஏமியிடம் வந்து சேர்ந்தாள். அதன் பின் கைக்குழந்தைகளும் வரத் தொடங்கின. டோனாவூரில் ஊழியத்தின் போக்கே மாறிவிட்டது. நேற்று வரை பிரசங்கம். இன்று பால் காய்ச்சுவதும் துணி அலசுவதும்! படித்த பெண்கள் செய்கிற வேலையா இது, ஆயா வேலை அல்லவா என்று பலர் எண்ணினார்கள். இயேசு இடுப்பில் துண்டைக் கட்டிக்கொண்டு சீஷர்களின் கால்களைக் கழுவிய கதையை நினைத்துத்தான் ஏமி மனத்தைத் தேற்றிக்கொண்டார். நெய்யூரில் மிஷன் ஆஸ்பத்திரிக்குப் பக்கத்தில் ஒரு குழந்தை விடுதி வைத்தபோது அதைப் பொன்னம்மாளே பொறுப்பேற்று நடத்தினார். 1915-இல் புற்றுநோயால் இறந்தார். (அந்தச் சிறுமிகளுக்காகச் சட்டசபையிலே டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி போராடியதும், 1947-இல் சென்னை மாகாணத்தில் தேவதாசி ஒழிப்புச் சட்டம் வந்ததும் பிற்பாடு.)

ஏமி ஏராளமான பாட்டுகள் எழுதினார். 1931-இல் களக்காட்டில் ஒரு குழியில் தவறி விழுந்து கால் ஒடிந்தது. அதன் பிறகு ஏறக்குறைய இருபது வருஷம் அறைக்குள்ளேயே கிடந்து எழுதினார். 1951-இல் மறைந்தபோது, அவர் விருப்பப்படி சமாதிக் கல் நாட்டவில்லை. பறவைகள் நீர் குடிக்கும் ஒரு தொட்டியை வைத்து அதில் 'அம்மை' என்று மட்டும் பொறித்தார்கள். குழந்தைகள் கூப்பிட்ட பெயர் போதும் என்று விட்டுவிட்டார்கள்.

நகையைக் கழற்றுவது ஒரே மதத்தின் சொத்து என்று நினைத்துவிடாதீர்கள். 1934 ஜனவரியில் மலையாளத்து வடகரையில் கௌமுதி என்ற 16 வயதுப் பெண், ஹரிஜன நிதிக்காகக் காந்திஜியிடம் வளையலையும் சங்கிலியையும் காதணியையும் கழற்றிக் கொடுத்தாள். இனி நகை அணிவதில்லை என்று வாக்கும் தந்தாள். காந்திஜி அவளைப் பற்றித் தம் பத்திரிகையிலேயே எழுதினார்.

எல்லாரும் நகையைக் கொடுக்க முடியுமா? முடியாது. அதற்கும் வழி கண்டவர்கள் நம் பெண்கள்தான். 1903-இல் பாளையங்கோட்டையில், வெள்ளைக்காரரின் பணத்தை எதிர்பாராமல், இந்திய மிஷனரி சங்கம் என்று ஒன்று தொடங்கியது. அதை முன்னின்று அமைத்த வே. ச. அசரியா பிற்பாடு, 1912-இல், ஆங்கிலிக்கன் சபையின் முதல் இந்திய பிஷப் ஆனார். திருநெல்வேலியிலிருந்து தெலுங்கு தேசத்துத் தோர்ணக்கல்லுக்கு ஊழியர்கள் போனார்கள். அந்தச் சீமையில் காணிக்கை சேர்ந்தது எப்படித் தெரியுமா? உலையில் போடுமுன் ஒரு பிடி அரிசியைத் தனிப் பானையில் எடுத்து வைக்கும் பழக்கம் அங்கே உண்டு. அதுதான் பிடியரிசிக் காணிக்கை. காஞ்சிப் பெரியவர்களின் பிடி அரிசித் திட்டத்தை அறிந்தவர்களுக்கு இது புதிதல்ல. அந்தப் பிடி யார் சாப்பாட்டிலிருந்து குறைந்திருக்கும்? புருஷன் இலையிலா, பிள்ளைகள் தட்டிலா? கடைசியில் உட்காரும் அம்மாவின் சாப்பாட்டிலிருந்துதான் என்பதை அடுப்பங்கரை அறியும்.

வேலப்பன்சாவடி வழியாக மேற்கே போகும் இதே சாலை, வாலாஜாபேட்டை வரை சென்று ராணிப்பேட்டைக்கும் வேலூருக்கும் கொண்டுபோய் விடும். ராணிப்பேட்டையில் 1870-இல் பிறந்தவர் ஐடா ஸ்கடர். மிஷனரி குடும்பத்துப் பெண். ஆனால் மிஷனரி ஆவதில்லை என்று பிடிவாதமாக இருந்தவர். திண்டிவனத்தில் ஒரே இரவில் மூன்று பிரசவ வீடுகளிலிருந்து ஆள் வந்தது. பெண் வைத்தியர் வேண்டும் என்றார்கள். ஆண் டாக்டரான அவர் தகப்பனாரை ஏற்கவில்லை. விடிவதற்குள் மூன்று பெண்களும் மாண்டார்கள். எந்தப் பாட்டும் செய்யாததை அந்த இரவு செய்தது. டாக்டராகி 1900-இல் திரும்பி வந்து, சாலையோரத்தில் மரத்தடியில் வைத்தியம் பார்த்தார். 1918-இல் வேலூரில் பெண்களுக்கான மருத்துவப் பள்ளியைத் தொடங்கினார். 1960-இல் காலமாகும் வரை தமிழ்நாட்டை விடவில்லை.

ஆகவே, ஊழியப் பாட்டை எடைபோட எனக்குத் தெரிந்த அளவுகோல் இரண்டு. பாடியவர் எதைக் கொடுத்தார் என்பது ஒன்று. யாருக்குக் கொடுத்தாரோ அவரை மேலிருந்து குனிந்து பார்த்தாரா, பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தாரா என்பது மற்றொன்று. ஹீபர் முதல் அளவில் நிறைந்து, இரண்டாவதில் அந்த ஒரு வரியால் குறைந்துபோனார். இரண்டிலும் நிறைந்தவர் பொன்னம்மாள். பாமாலைப் புத்தகத்தின் எந்தப் பக்கத்திலும் அவர் பெயரைத் தேடாதீர்கள்.

அடுத்த முறை ஆலயத்திலிருந்தோ பஜனை மடத்திலிருந்தோ "எல்லாம் உனக்கே" என்கிற பாவனையில் ஒரு பாட்டு காற்றில் வந்தால், ராகம் நன்றாயிருக்கிறதா என்று கேட்டுவிட்டு நின்றுவிடாதீர்கள். அரிசிப் பானைக்குள் கையை விடும்போது, அது நம்மிடம் எதைக் கேட்கிறது என்றும் ஒரு நிமிஷம் யோசியுங்கள். ஒரு பிடி என்றாலும் சரிதான்.