பிச்சை அல்ல, பாக்கி!

அடுத்த தெரு மாமி போன வாரம் வந்திருந்தார். கையில் ஒரு மஞ்சள் பை. பை நிறையக் காகிதங்கள்.

"பென்ஷன் வந்துவிட்டதா, மாமி?" என்று கேட்டேன்.

"வரும் வரும் என்கிறார்கள், அம்மா! அவர் காலமாகி இரண்டு வருஷம் ஆகப் போகிறது. ஆபீஸ் புத்தகத்தில் என் பேர் ஒரு மாதிரி, ஆதார் கார்டில் ஒரு மாதிரியாம். ஓர் எழுத்துத்தான் வித்தியாசம். 'பெரிய மனசு பண்ணிக் கொடுங்கள்' என்று கேட்டுவிட்டு வந்திருக்கிறேன்."

எனக்குத் தூக்கி வாரிப் போட்டது. அந்த ஓர் எழுத்தைக் கேட்டு அல்ல. 'பெரிய மனசு' என்றாரே, அதைக் கேட்டு!

சகோதரிகளே, பென்ஷன் என்பது சர்க்கார் மனமிரங்கிப் போடும் பிச்சை அல்ல, அது உரிமை என்று 1971-லேயே சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. 1984-ல் கேரளத்து வழக்கு ஒன்று வந்தது. 1973-ல் ஓய்வு பெற்றவருக்கு இரண்டு வருஷத்துக்கு மேல் கழித்துத்தான் பணம் கிடைத்தது. காரணம்? ஒரு காரியாலயம் கடைசிச் சம்பளச் சர்டிபிகேட்டை அனுப்பவில்லை! ஓய்வு பெற்று இரண்டு மாதத்துக்கு மேல் தாமதித்தால் வட்டியோடு கொடுக்க வேண்டும் என்று நீதிபதிகள் கண்டித்தார்கள். குடும்பப் பென்ஷன் வழக்குகளிலும் இந்த நியாயத்தைக் காட்டி வட்டி கேட்கிறார்கள்.

சில வீடுகளில் தடை ஆபீஸிலிருந்து வருவதில்லை, உறவிலிருந்து வருகிறது. ரயில்வே உத்தியோகஸ்தர் ஒருவர் காலமானதும், அவருடைய சகோதரர் ஓர் உயிலைக் காட்டிக் கோர்ட்டில் தடை வாங்கினார். மனைவி மக்களுக்குப் பணம் நின்றுபோயிற்று. குடும்பப் பென்ஷனை உயில் எழுதி வேறொருவருக்குக் கொடுக்க முடியாது, அது விதிப்படி மனைவி மக்களுக்கே உரியது என்று 1991-ல் சுப்ரீம் கோர்ட் தீர்ப்பளித்தது.

"நியாயம் நம் பக்கம் இருக்கிறது, பொறுத்திருப்போம்" என்று நினைக்கிறீர்களா? அங்கேதான் ஆபத்து! ராணுவத்திலிருந்து உடல்நலக் குறைவால் 1983-ல் விலக்கப்பட்ட ஒருவர், பென்ஷன் கேட்டு 1999-ல்தான் கோர்ட்டுக்குப் போனார். 2008-ல் சுப்ரீம் கோர்ட் என்ன சொல்லிற்று? பென்ஷன் உண்டு, ஆனால் பழைய பாக்கி, வழக்குப் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று வருஷத்துக்கு மட்டுமே. மற்ற வருஷங்களின் பணம் போனது போனதுதான். பொறுமை நல்ல குணம். ஆனால் பென்ஷன் விஷயத்தில் அதற்கு விலை உண்டு.

ஆகவே வாயால் கேட்காதீர்கள், எழுதிக் கொடுங்கள். நகலில் தேதியும் முத்திரையும் வாங்குங்கள். பதில் இல்லையென்றால், தகவல் உரிமைச் சட்டப்படி பைல் எங்கே நிற்கிறது என்று கேளுங்கள். 30 நாளில் சொல்ல வேண்டும். அதற்கும் அசையவில்லையென்றால், மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக் குழுவுக்குப் போங்கள். 1987-ம் வருஷச் சட்டப்படி, பெண்களுக்கு அங்கே வருமானக் கணக்குக் கேட்காமல் இலவச வக்கீல் உதவி உண்டு.

அன்றைக்கு மாமியும் நானும் உட்கார்ந்து புதிதாக ஒரு மனு எழுதினோம். "கருணை கூர்ந்து" என்று அவர் ஆரம்பித்தார். அதை அடித்துவிட்டு, "எனக்குச் சேர வேண்டிய பாக்கியை வட்டியுடன்" என்று எழுதச் சொன்னேன். இரண்டு பேரும் ஒருவர்தான் என்பதற்கு ஒரு பிரமாணப் பத்திரமும் தயார் செய்தாகிறது.

கணவர் வேலையில் இருக்கும் சகோதரிகளுக்கு ஒரு வார்த்தை. இன்று சாயங்காலம் அவர் காப்பி குடிக்கும்போது மெதுவாகக் கேளுங்கள்: "உங்கள் ஆபீஸில் என் பேரை எப்படி எழுதியிருக்கிறது?"

"இதென்ன அபசகுனமான பேச்சு!" என்று சீறுவார். சீறட்டும். நாளைக்குப் போய்ப் பார்த்துவிட்டு வரச் சொல்லுங்கள்!