வேகத் தட்டும் விட்டுப்போன வீடும்

கணினி விளையாட்டைப் பற்றி இப்பக்கத்தில் எழுதப் புகுவது நமக்கே சற்றுக் கூச்சமாக இருக்கிறது. தமிழ் கற்பிக்கும் ஒருவர், நாற்பதைக் கடந்த வயதில், இரவு பத்து மணிக்கு மேல் ஸ்கைரிம் என்னும் விளையாட்டின் பனிமலைகளில் அலைந்துகொண்டிருப்பவர் என்று மாணவர்களுக்குத் தெரிந்தால் என்ன நினைப்பார்களோ! போகட்டும். ஆசிரியர் ஓய்வறையில் அண்மைக் காலமாக நம்மிடம் அடிக்கடி கேட்கப்படும் ஐயம் ஒன்று உண்டு. பிள்ளைகள் பழைய வன்தட்டில் நிறுவி வைத்திருக்கும் விளையாட்டுகளைப் புதிதாக வாங்கிய எஸ்எஸ்டிக்கு மாற்றலாமா என்பதே அது. தாராளமாக மாற்றலாம். ஆனால் மாற்றுவதற்கு முன் செய்ய வேண்டிய ஒன்றை எவரும் சொல்வதில்லை. நமக்கும் எவரும் சொல்லவில்லை. அந்த மனக்குறைதான் இக்கட்டுரை.

வன்தட்டு ஏன் தாமதிக்கிறது என்பதை முதலில் பார்த்துவிடுவோம். நிமிடத்திற்கு 7200 சுற்றுகள் சுழலும் தட்டின்மேல் சிறு கரம் ஒன்று அங்கும் இங்கும் ஓடி, வேண்டிய தரவு இருக்கும் இடத்தைத் தேடிப் படிக்கிறது. ஒவ்வொரு தேடலுக்கும் ஏறத்தாழ 10 மில்லி நொடி. கேட்பதற்கு அற்பமாகத் தோன்றும். ஒரு விளையாட்டு தன் காட்சி ஒன்றை விரிப்பதற்கு ஆயிரக்கணக்கான துணுக்குகளைத் திரட்ட வேண்டும் என்பதை எண்ணினால்தான் நாம் தேநீர் போட்டுக்கொண்டு வந்த கதை விளங்கும். எஸ்எஸ்டியில் சுழல்வதும் இல்லை, ஓடுவதும் இல்லை. சாட்டா வகையினது நொடிக்கு 500 எம்பிக்கு மேல் படிக்கும். என்விஎம்ஈ வகையில் நொடிக்கு 7000 எம்பியை எட்டுவனவும் உண்டு.

இந்தத் தாமதத்தை மறைக்க விளையாட்டை ஆக்கியவர்கள் பட்ட பாடு சுவையானது. 2020 மார்ச்சில் பிளேஸ்டேஷன் 5 பற்றிப் பேசிய மார்க் செர்னி, முந்தைய தலைமுறையின் ஸ்பைடர்மேன் விளையாட்டில் சில பொருள்களின் தரவு வன்தட்டில் 400 முறை வரை படியெடுத்து வைக்கப்பட்டிருந்ததாகக் கூறினார். தெருவில் நிற்கும் ஓர் அஞ்சற்பெட்டியைத் தேடிக் கரம் நெடுந்தொலைவு ஓட வேண்டாம் என்று, ஒவ்வொரு தெருவின் தரவுக்கு அருகிலும் அதே அஞ்சற்பெட்டி! ஹெல்டைவர்ஸ் 2 என்னும் விளையாட்டை ஆக்கியோர் 2025 இறுதியில் இத்தகைய இரட்டிப்புகளை நீக்கியபோது, 150 ஜிபிக்கு மேலிருந்த அதன் அளவு 23 ஜிபி அளவுக்குச் சுருங்கிவிட்டது. அத்தனை பருமனும் கூறியது கூறலே என்று ஓர் இலக்கண ஆசிரியர் கண்டிக்கலாம். ஆனால் அந்தக் குற்றம் இரக்கத்தினால் விளைந்தது.

காத்திருப்பு நேரத்தை நிரப்பவும் வழிகள் இருந்தன. காட்சி ஏறிவரும் இடைவெளியில் ஒரு குறுவிளையாட்டை ஆடவிடும் உத்திக்கு நாம்கோ நிறுவனம் காப்புரிமை பெற்று 2015 வரை அதைத் தன்னிடமே வைத்திருந்தது. 2011இல் வெளிவந்த ஸ்கைரிம், கரும்பின்னணியில் ஒரு வாளையோ நாகத்தையோ சுழலவிட்டு, அருகே அந்நாட்டின் வரலாற்றிலிருந்து இரண்டு வரி எழுதிக் காட்டும். அந்த உலகின் பழங்கதைகளுள் பாதியை நாம் அறிந்தது அவ்வரிகளின் வழியேதான். எஸ்எஸ்டிக்கு மாற்றிய பின்பும் வரிகள் வருகின்றன. முதற்சொல்லில் கண் படிவதற்குள் மறைந்துவிடுகின்றன. இதை இழப்பு என்று சொல்லப் புகுந்தால் பேருந்து வந்ததால் வழிநடைச் சிந்து போயிற்று என்று அழுவது போலாகிவிடும். அழவில்லை. ஒன்றைச் சொல்லி வைக்கிறோம், அவ்வளவே.

மேலும், இப்போது மாற்றுவது விருப்பத்தைப் பொறுத்ததாகவும் இல்லை. 2023இல் வந்த ஸ்டார்ஃபீல்டு, பால்டர்ஸ் கேட் 3 ஆகியவை எஸ்எஸ்டி தேவை என்றே அறிவித்தன. பின்னது கேட்கும் இடம் 150 ஜிபி. சைபர்பங்க் 2077 அதே ஆண்டில் வன்தட்டுகளுக்கான ஆதரவைக் கைவிட்டது.

மாற்றும் முறையோ மிக எளிது. ஸ்டீமில் வாங்கியதாயின் அதன் பண்புகளுக்குள் சென்று, நிறுவிய கோப்புறையை நகர்த்து என்று கட்டளையிட்டால் போதும். புதிய தட்டில் படியெடுத்துவிட்டுப் பழையதை அது தானே அழிக்கிறது. கோப்பு ஏதேனும் பழுதுபட்டால் சரிபார்க்கச் சொல்லலாம். குறைந்ததை மட்டும் மீண்டும் இறக்கிக்கொள்ளும். 100 ஜிபி என்று அஞ்ச வேண்டியதே இல்லை. அதில் ஒரு துணுக்குகூட ஈடுசெய்ய இயலாததன்று.

ஈடுசெய்ய இயலாதது வேறிடத்தில் இருக்கிறது. அதை நாம் அறிந்துகொண்ட விதம் வருமாறு.

2020இன் ஊரடங்கில் நம் மகளுக்குப் பன்னிரண்டு வயது. கோயம்புத்தூரில் இருக்கும் அண்ணன் மகளும் அவளும் மைன்கிராஃப்ட் ஆடத் தொடங்கினார்கள். எல்லாம் கட்டைகளால் ஆன உலகம் அது. ஒவ்வொரு கட்டையும் ஒரு மீட்டர் நீளம், அகலம், உயரம் என்பது கணக்கு. இருவரும் சேர்ந்து காவிரிக்கரைக் கிராமத்தில் இருந்த தாத்தா வீட்டை அதில் கட்ட முனைந்தார்கள். திண்ணை, நடை, முற்றம், சுற்றிலும் தாழ்வாரம், நெல் கொட்டிய அறை, கொல்லை, கிணற்றடி. அளவுகளை நம் தந்தையாரிடம் தொலைபேசியில் கேட்பார்கள். "தாத்தா, அடுப்படியில இருந்து கிணத்துக்கு எத்தனை அடி?" என்பாள். அவர் தடியை ஊன்றிக்கொண்டு நடந்து பார்த்துவிட்டு வந்து சொல்வார். அடியை மீட்டராக மாற்றும்போது மீதி வருவதைப் பற்றி மூவருக்குள்ளும் நடந்த வழக்கு மட்டும் ஒரு வாரம் நீடித்தது. மறு ஆண்டு தந்தையார் காலமானார். 2022இல் வீட்டை விற்றோம். வாங்கியவர் இடித்துவிட்டு வேறு கட்டியிருக்கிறார். அதில் அவருடைய தவறு ஏதுமில்லை.

2023 தொடக்கத்தில் கணினிக்கு எஸ்எஸ்டி பொருத்தக் கடையில் கொடுத்தோம். கடைப் பையன் நல்ல பையன். "டி டிரைவ்ல இருந்த கேம் ஃபோல்டர் எல்லாம் அப்படியே புதுசுல போட்டாச்சு சார். சி டிரைவ்ல ஒண்ணும் இல்ல, விண்டோஸ்தான். அது புதுசா ஏத்தியாச்சு" என்றான். பழைய வன்தட்டையும் துப்புரவாக அழித்துக் கொடுத்தான். வீட்டுக்கு வந்து ஸ்கைரிமின் வேகத்தைக் கண்டு மகிழ்ந்தோம். அழித்த வன்தட்டில் கல்லூரிக் கோப்புகளையும் பழைய திரைப்படங்களையும் நிரப்பினோம். பத்தாம் வகுப்புத் தேர்வெல்லாம் முடிந்து, ஏப்ரல் இறுதியில்தான் மகள் மைன்கிராஃப்டைத் திறந்தாள். விளையாட்டு நொடியில் எழுந்து வந்தது. உலகங்களின் பட்டியல் வெறுமையாக இருந்தது.

சி டிரைவில் ஒன்றும் இல்லை என்று அந்தப் பையன் சொன்னது பொய்யன்று. அவன் கண்ணுக்கு எதுவும் தெரியவில்லை. ஆடுபவர் சேமித்து வைப்பவற்றைப் பெரும்பாலான விளையாட்டுகள் தம் கோப்புறையில் வைப்பதில்லை. ஸ்கைரிம் விண்டோஸின் ஆவணங்கள் கோப்புறைக்குள் மை கேம்ஸ் என்னும் உட்பிரிவில் வைக்கும். மைன்கிராஃப்டின் ஜாவா பதிப்பு ஆப்டேட்டா என்னும் கோப்புறைக்குள், ரோமிங் என்பதற்குள், புள்ளியில் தொடங்கும் பெயருடைய வேறொன்றுக்குள், சேவ்ஸ் என்பதில் வைக்கும். ஆப்டேட்டாவையோ விண்டோஸ் இயல்பாகவே மறைத்து வைக்கிறது. 2002இன் மாரோவிண்ட் போன்ற பழைய விளையாட்டுகள் தம் கோப்புறைக்குள்ளேயே வைத்தன. அவற்றை வேரோடு நீக்கி மீண்டும் நிறுவுவோருக்கு இடர் வேறு திசையிலிருந்து வரும். விஸ்டாவுக்குப் பின் அந்தப் பழையவை எழுத முயல்வதை விண்டோஸே திருப்பி, விர்ச்சுவல்ஸ்டோர் என்னும் மற்றொரு மறைவிடத்தில் போட்டுவிடுவதும் உண்டு. எந்த விளையாட்டு எங்கே வைக்கிறது என்பதைப் பிசிகேமிங்விக்கி தளத்தில் தன்னார்வலர்கள் தொகுத்து வருகிறார்கள். அதைப் பார்த்து, அந்தக் கோப்புறையை முதலில் வேறொரு தட்டில் படியெடுத்துவிட்டு, திறந்து பார்த்து உறுதி செய்த பின்னரே மற்ற வேலை. ஸ்டீமின் மேகச் சேமிப்பு இருக்கிறதே என்பார்கள். எல்லா விளையாட்டுகளுக்கும் அது இல்லை. மைன்கிராஃப்டின் ஜாவா பதிப்பு ஸ்டீமில் விற்கப்படுவதே இல்லை.

இதில் நமக்கு உறுத்துவது, எடையைக் கொண்டே மதிப்பை அளக்கும் பழக்கம். கடையும் மென்பொருளும் அறிவுரை கூறுவோரும் 100 ஜிபியைப் பூப்போல ஏந்திச் செல்கிறார்கள். அந்த 100 ஜிபி நம்முடையதுகூட அன்று. கலிஃபோர்னியாவில் 2024இல் இயற்றிய சட்டம் ஒன்றை அடுத்து, வாங்குவது விளையாட்டை அன்று, அதை ஆடும் உரிமத்தையே என்று ஸ்டீம் தன் வண்டிப் பக்கத்தில் எழுதி வைத்திருக்கிறது. அப்படியானால் அந்தக் கணினியில் மெய்யாகவே நமக்கு உடைமையாக இருந்தது எது? சில எம்பிகளோ சில நூறு எம்பிகளோ கொண்ட அந்தச் சேமிப்பு மட்டுமே. அதற்குப் பெயர்ப்பலகை இல்லை, காவல் இல்லை. நகர்த்து என்னும் பொத்தானை வைக்கத் தெரிந்தவர்களுக்கு, 'நீங்கள் சேமித்தவை இன்ன இடத்தில் உள்ளன, அவற்றையும் படியெடுக்கவா?' என்று ஒரு வரி கேட்கத் தெரியாதா? எங்கே எழுதுகிறோம் என்பது எழுதுகிற நிரலுக்குத் தெரியாமலா இருக்கும்? இது தொழில்நுட்ப இயலாமை என்று நம்மால் ஏற்க முடியவில்லை. விற்றவர்களுக்கு அது சரக்காகத் தோன்றவில்லை, அவ்வளவுதான்.

சுவடி பெயர்த்தெழுதியோரிடமும் இது இருந்தது. நைந்த ஏட்டிலிருந்து புதிய ஏட்டுக்கு மூலம் ஏறிவிடும். ஓரத்தில் முன்பு படித்தவர் கீறி வைத்த குறிப்பு பல வேளைகளில் ஏறாது. ஆனால் அங்கே எழுதுபவர் கண்ணால் பார்த்து, வேண்டாம் என்று விட்டார். இங்கே எவரும் பார்க்கவே இல்லை. நாம் உட்பட.

இழந்ததை மீட்டெடுப்போர் ஒருவரிடம் அந்த வன்தட்டைக் கொடுத்துப் பார்த்தோம். அந்த இடத்தின்மேல் நாமே திரைப்படங்களை எழுதிவிட்டிருந்ததால், திறக்க முடியாத சில துண்டுகளே கிடைத்தன. இருவர் சேர்ந்து ஆடினாலும் உலகம் இருப்பது அதை நடத்துபவரின் கணினியில் மட்டுமே என்பதும் அப்போதுதான் தெரிந்தது. அண்ணன் மகள் 2020 ஜூனில் ஒருமுறை அதைப் படியெடுத்து வாங்கி வைத்திருந்தாள், தான் தனியாகக் கூரை வேய்ந்து பழகுவதற்காக. அது இப்போது புதிய தட்டில் இருக்கிறது. வெளியே எடுத்து வைத்த படிகள் இரண்டு உண்டு. திண்ணை, நடை, முற்றம் வரை வந்திருக்கிறது. அடுப்படிக்குக் கதவு இருக்கிறது. கதவுக்கு அப்பால் வெறும் புல்.

போன மாதம் மகள் அதைத் திறந்து வைத்துக்கொண்டு, "அப்பா, அடுப்படியில இருந்து கிணறு எத்தனை அடி?" என்று கேட்டாள். இருபத்திரண்டு என்றோம். ஐயம் வரவே அண்ணனைத் தொலைபேசியில் அழைத்தோம். "முப்பதுக்குக் குறையாதுடா, தண்ணி தூக்கிட்டு வந்தவன் நான்" என்றார்.