புல்லுருவிக்குப் பூந்தொட்டி எதற்கு?

மாமரத்தில் புல்லுருவி படர்ந்துவிட்டால் நம் தோட்டக்காரர் உடனே அரிவாளைத் தேடுவார். மரத்தின் சத்தை உறிஞ்சும் திருட்டுச் செடி அல்லவா அது! இங்கிலாந்திலோ அதன் தூரத்து உறவான ஒரு செடியைக் காசு கொடுத்து வாங்கி, வீட்டுக்குள் கட்டித் தொங்கவிடுகிறார்கள்.

அதன் பெயர் மிசில்டோ. குளிர்காலத்தில் மற்ற மரங்களெல்லாம் இலை உதிர்த்து நிற்கும்போது இது மட்டும் பச்சைப் பசேலென்று இருக்கும். முத்துப் போன்ற வெண்ணிறக் கனிகள் இதில் கொத்துக் கொத்தாக இருக்கும். கிறிஸ்துமஸ் சமயத்தில் இந்தக் கொத்தின் கீழே நிற்பவரை முத்தமிடலாம் என்பது அந்நாட்டு வழக்கம். ஒரு முத்தத்துக்கு ஒரு கனியைப் பறிக்க வேண்டும், கனிகள் தீர்ந்ததும் உரிமையும் தீர்ந்தது என்று அமெரிக்க எழுத்தாளர் வாஷிங்டன் இர்விங் 1820-ல் எழுதியிருக்கிறார்.

இத்தனை செல்லமான செடியை ஆண்டுதோறும் கடையில் வாங்குவானேன்? ஒரு தொட்டியில் நட்டு ஜன்னல் ஓரமாக வைத்தால் என்ன? இந்த ஆசை அங்கே பலருக்கும் எழுகிறது. ஆனால் இது நடக்கிற காரியமல்ல!

மண் வேண்டாத செடி

மிசில்டோ மண்ணில் வேர் விடுவதில்லை. வாங்கிவந்த கொத்தைத் தொட்டியில் ஊன்றினாலும், தண்ணீரில் போட்டு வைத்தாலும் அது துளிர்க்காது. அதன் விதையைச் சுற்றிப் பசை இருக்கிறது. கனியைத் தின்னும் பறவை அலகைக் கிளையில் தேய்க்கும்போது விதை பட்டையில் ஒட்டிக்கொள்கிறது. அங்கிருந்து முளைத்து, உறிஞ்சு வேரை மரத்துக்குள் செலுத்தி, தண்ணீரையும் உப்புச் சத்தையும் இழுத்துக்கொள்கிறது. உயிருள்ள மரம் இல்லையென்றால் மிசில்டோவும் இல்லை.

"அப்படியானால் தொட்டியில் ஓர் ஆப்பிள் கன்றை வைத்து, அதன்மேல் வளர்க்கலாமே?" என்று கேட்கலாம். ஆப்பிளுக்கு வெயிலும் வேண்டும், குளிர்காலத்துக் குளிரும் வேண்டும். கணப்பு மூட்டிய அறைக்குள் அது நலிந்துவிடும். நலிந்த கன்றின்மேல் மிசில்டோவையும் ஏற்றுவது, நோயாளியின் தலையில் மூட்டையை வைப்பதாகும். தவிர, மிசில்டோவில் ஆண் செடி வேறு, பெண் செடி வேறு. இரண்டும் இருந்தால்தான் கனி உண்டு. கனியோ விஷம், குழந்தைகள் நடமாடும் வீட்டில் கைக்கெட்டும்படி வைக்கத் தக்கதல்ல.

ஆசை இருந்தால் அதற்கு நேர் வழி இருக்கிறது. தோட்டத்தில் நன்கு வளர்ந்த ஆப்பிள் மரம் இருக்க வேண்டும். கிறிஸ்துமஸ் சமயத்தில் கனி முழுமையாகப் பழுத்திருக்காது. பிப்ரவரி, மார்ச்சு மாதங்களில் பழுத்த கனியைப் பிதுக்கி, விதையை மரத்தின் இளங்கிளையில் ஒட்டவேண்டும். கனி காண நான்கைந்து ஆண்டுகள் பொறுத்திருக்க வேண்டும்.

அழியும் தோட்டங்கள்

இங்கிலாந்தில் ஹெரிபோர்டுஷயர், வூஸ்டர்ஷயர், கிளாஸ்டர்ஷயர், சாமர்செட் வட்டாரங்களின் பழைய ஆப்பிள் தோட்டங்களே இந்தச் செடிக்குத் தாய்வீடு. டென்பரி வெல்ஸ் என்ற சிற்றூர் மிசில்டோ ஏலத்துக்குப் பேர்போனது. ஆனால் 1900-க்குப் பிறகு இங்கிலாந்திலும் வேல்ஸிலும் பழைய முறைப் பழத்தோட்டங்களில் 100-க்கு 81 பங்கு மறைந்துவிட்டதாக நேஷனல் டிரஸ்ட் அமைப்பு 2022-ல் கணக்குக் காட்டியது.

மிஞ்சிய தோட்டங்களிலும் கவனிப்பாரற்றுக் கிடப்பவை உண்டு. அங்கே மிசில்டோ கட்டுக்கடங்காமல் பெருகி, கிழ மரங்களைச் சாய்க்கிறது. மரம் சாய்ந்தால் அதுவும் சாகிறது. பழியெல்லாம் செடியின்மேல் விழுகிறது; உண்மையில் குற்றம், கத்தரிக்க ஆளில்லாமல் விட்டதுதான்.

"ஒட்டுண்ணி தொலைந்தால் நல்லதுதானே?" என்பார் உண்டு. அது முழுத் திருடன் அல்ல. பச்சை இலை இருப்பதால் தன் உணவில் பெரும் பகுதியைத் தானே தயாரித்துக்கொள்கிறது. பஞ்ச காலமாகிய குளிர்காலத்தில் பறவைகளுக்குத் தீனி தருகிறது. இதை மட்டுமே நம்பி வாழும் அந்துப்பூச்சி ஒன்றும் அங்கே இருக்கிறது. மரத்துக்கு மிஞ்சாத அளவில் வைத்துக்கொண்டால் இரண்டும் வாழும்.

ஆகவே மிசில்டோவை நேசிப்பவர்கள் தொட்டியை மறந்துவிடுவதே நல்லது. கிறிஸ்துமஸுக்குக் கொத்து வேண்டுமானால், தோட்டக்காரரிடம் தாராளமாக விலைக்கு வாங்கலாம். அவர் வெட்டி விற்றால் மரத்தின் பாரமும் குறையும், தோட்டத்தை வைத்துக் காப்பாற்ற அவருக்கு நாலு காசும் கிடைக்கும். வீட்டுப் பின்புறத்தில் கொஞ்சம் இடம் இருந்தால் ஓர் ஆப்பிள் கன்றை நடட்டும். மரம் வளர்ந்து நின்றால், மிசில்டோவைக் கொண்டுவந்து சேர்க்கப் பறவைகள் இருக்கின்றன.